அந்த வரியைச் சொன்னவள் நான்

பேராசிரியையின் மூன்றாவது புத்தகத்தில், பாதியைத் தாண்டிய பிறகு எங்கள் ஏரி வருகிறது. ஒரே ஒரு பத்தி. அந்தப் பத்தியின் கடைசி வரி, இந்தக் கிராமங்களில் ஏரியைப் பங்கிடும் முறையில் பெண்களுக்கு எந்த இடமும் இல்லை என்று சொல்கிறது.

பொன்னேரியிலிருந்து பழவேற்காடு போகிற பஸ்ஸில் உட்கார்ந்து முதன்முதலாக அதைப் படித்தபோது எனக்குப் பெருமையாக இருந்தது. வெட்கத்தை விட்டுத்தான் சொல்கிறேன். எங்கள் ஏரி அச்சில் வந்துவிட்டதே என்று பெருமை. முன்னுரையின் அடியில், ஏரிக்கரையைச் சேர்ந்த ஆசிரியை ஒருவருக்கு நன்றி என்று வேறு போட்டிருந்தது. அந்த ஒருவர் நான்தான். பக்கத்து இருக்கையில் ஒரு பெண் காலி மீன்கூடையை மடியில் கவிழ்த்து அதன்மேல் தலையைச் சாய்த்துத் தூங்கிக்கொண்டிருந்தாள். அவளை எழுப்பிக் காட்டலாமா என்றுகூட நினைத்தேன். எழுப்பியிருந்தால் என் தங்கை பிற்பாடு கேட்டதை அவள் அன்றைக்கே கேட்டிருப்பாள்.

அந்தப் புத்தகங்களை நான் எவ்வளவு நம்பினேன் என்று சொல்லியாக வேண்டும். முதல் புத்தகம் விதவைகள் சர்க்காருக்கு எழுதிப்போட்ட மனுக்களைப் பற்றியது. இரண்டாவது, பிரசவம் பார்த்த பெண்களைப் பற்றியது. பழைய தாள்களில் பெண் வருகிறபோதெல்லாம் இன்னாருடைய மனைவி, இன்னாருடைய தாய், இறந்துபோன இன்னாருடைய சம்சாரம் என்றே வருகிறாள். அவள் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் ஓர் ஆள் சப்பணம் போட்டு உட்கார்ந்திருக்கிறான். அவனைக் கொஞ்சம் நகரச் சொல்லிவிட்டு அடியில் யார் என்று பார்ப்பதுதான் பேராசிரியையின் வேலை. நான் அடுப்புக்கு முன்னால் நின்றுகொண்டே படித்தேன், ஒரு கையில் கரண்டி, ஒரு கையில் புத்தகம். குழம்பு அடிப்பிடித்தது. பிடிக்கட்டும் என்றிருந்தது. அதைப் படித்த பிறகுதான் என் பெயருக்குப் பின்னால் ஒட்டிக்கொண்டிருந்த கணவரின் பெயரைக் கழற்றினேன். ரேஷன் கார்டில் மட்டும் இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது, அங்கே போய்க் கழற்றுவதற்கு ஒரு நாள் லீவு போட வேண்டும்.

பேராசிரியை எங்கள் பக்கம் வந்தது பதினைந்து வருஷங்களுக்கு முன்னால். டச்சுக்காரர்களின் கல்லறையைப் பார்க்கத்தான் வந்தார். வாசலில் இரண்டு பக்கமும் கல் எலும்புக்கூடுகள் காவல் நிற்கிற அந்தத் தோட்டத்துக்குள், வெயிலில் தரையில் உட்கார்ந்து, கல்லில் இருந்த பெண்களின் பெயர்களை ஒவ்வொன்றாக நோட்டில் எழுதிக்கொண்டிருந்தார். நான் அப்போது பொன்னேரியில் தமிழ் கற்பிக்கத் தொடங்கியிருந்தேன், அவருடைய இரண்டு புத்தகங்களும் என் பையில் இருந்தன. போய் அறிமுகம் செய்துகொண்டேன். அவர் நிமிர்ந்து, "இவங்க பேரெல்லாம் கல்லுல இருக்கு. இந்த ஏரிக்காரப் பெண்கள் பேர் எதுல இருக்கு?" என்று கேட்டார்.

"வாங்க மேடம், கூட்டிட்டுப் போறேன்" என்றேன். என் வாழ்க்கையில் நான் அவ்வளவு ஆசையாக வேறு யாரையும் என் ஊருக்குக் கூட்டிப்போனதில்லை.

எங்கள் ஊர் தீவு. தோணியில்தான் போக வேண்டும். நாங்கள் போய் இறங்கியபோது காலை பதினொரு மணி. கோயில் மண்டபத்தில் ஆண்கள் வலைக்கு நடுவில் கால் நீட்டி உட்கார்ந்திருந்தார்கள். ஊர்த்தலைவர் எனக்கு அப்பா வழிப் பங்காளி, பெரியநைனா என்று கூப்பிடுவேன். அவர் பொறுமையாக எல்லாவற்றையும் விளக்கினார். ஏரியில் வலை போடுகிற இடங்கள் எல்லாம் ஒரே மாதிரி இல்லை. முகத்துவாரத்துக்குக் கிட்டே என்றால் இறால் தானே வந்து விழும், மேற்கே சேற்றுப் பக்கம் என்றால் நண்டும் பாசியும்தான். அதனால் வருஷத்துக்கு ஒருமுறை குடத்தில் போட்டுச் சீட்டு எடுத்து, வருகிற வரிசையில் எந்த வீட்டுக்கு எந்த இடம் என்று பிரிப்போம். அந்த முறைக்குப் பாடு என்று பெயர். பேராசிரியை எழுதிக்கொண்டே, "இதுல பெண்களுக்கு என்ன பங்கு?" என்றார்.

"பொம்பளைக்கு இன்னாம்மா பங்கு? இது ஆம்பளைங்க விசயம்."

அவர் என் பக்கம் திரும்பினார். அப்படியா என்று கண்ணாலேயே கேட்டார்.

"ஆமாம் மேடம். எங்க ஊர்ல அது கிடையாது" என்றேன்.

சிப்பியைப் பற்றி நான் சொல்லவில்லை. மறைக்கவில்லை, சத்தியமாகத் தோன்றவே இல்லை. குடத்தில் போடுவது காகிதச் சீட்டு இல்லை, சிப்பி. ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு ஏரிச் சிப்பி, அதன் முதுகில் அந்த வீட்டின் அடையாளமாக ஒரு கீறல். இரண்டு கோடு, மீன் முள், பிறை, கொக்குக் கால். அந்தச் சிப்பி வருஷம் முழுக்க எங்கே இருக்கும் என்றால், அரிசிப் பானையில். வீட்டுக்கு வந்த மருமகளிடம் மாமியார் முதலில் காட்டுவது அதைத்தான். சிப்பி தொலைந்தால், விரிசல் விட்டால், அந்த வருஷம் அந்த வீட்டுக்கு ஏரியில் இடம் கிடையாது. ஆகவே தோணியில் அலைகிற ஆண் கையில் அதைத் தரமாட்டார்கள். சீட்டு எடுக்கிற அன்று காலையில் பெண்தான் பானைக்குள் கையை விட்டு எடுப்பாள், கழுவி மஞ்சள் தடவிப் புருஷன் கையில் கொடுப்பாள். அவன் நாலு எட்டு நடந்து மண்டபத்துக்குக் கொண்டுபோவான். அந்த நாலு எட்டைத்தான் முறை என்று சொல்லிக்கொண்டிருந்தோம். குடத்துக்குள் கையை விட்டு எடுப்பதுகூட வயசுக்கு வராத பெண்பிள்ளைதான். மூன்று வருஷம் நான் எடுத்திருக்கிறேன். ஊரே என் கையைப் பார்த்து மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றது இன்னும் நினைவிருக்கிறது. பிறகு ஒரு நாள் மண்டபத்தில் ஏறாதே என்றார்கள், ஏறவில்லை.

இவ்வளவும் எனக்குத் தெரியும். பேராசிரியை கேட்டபோது இதில் ஒன்றுகூட எனக்கு வரலாறாகத் தெரியவில்லை. அரிசிப் பானைக்குள் கிடக்கிற சாமானை யாராவது வரலாறு என்பார்களா?

என் தங்கையின் வீட்டுச் சிப்பியில் கொக்குக் கால் கீறியிருக்கும். உள்ளூரிலேயே கட்டிக்கொடுத்த பெண் அவள். போன வருஷத்துக்கு முந்தின வருஷம், தோணியை இழுத்துக் கட்டிவிட்டு மணலில் உட்கார்ந்த அவள் வீட்டுக்காரர் எழுந்திருக்கவில்லை. பையன் கிடையாது, ஒரே பெண், பொன்னேரியில் நர்சிங் படிக்கிறாள். எங்கள் ஊரில் புருஷன் போய்ப் பையனும் இல்லாத வீடு என்றால், சிப்பியை வாங்கிக் கரையில் வைத்துக் கல்லால் உடைத்துவிடுவார்கள். அதோடு அந்த வீட்டுக்கு ஏரி முடிந்தது. பிறகு அவள் அடுத்தவர் தோணி வருகிற நேரம் பார்த்துக் கரையில் நிற்க வேண்டும், அவர்கள் கொடுத்த மீனை வாங்கித் தலையில் சுமந்து விற்க வேண்டும். சிப்பி இருந்தால் அப்படியில்லை. வீட்டுக்காரரின் கூட்டாளி வலை போடுவார், பிடிபட்டதில் பாதி அவளுக்கு. ஒரு சிப்பிக்குள் இவ்வளவும் இருந்தது. முதல் வருஷம் ஊரார் கண்டும் காணாமல் விட்டார்கள். இந்த வருஷம் விடவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை நான் தங்கை வீட்டில் இருந்தேன். அவள் வாசலில் உட்கார்ந்து மடவை மீனுக்குச் செதில் எடுத்துக்கொண்டிருந்தாள். பெரியநைனா வந்தார். கக்கத்தில், செய்தித்தாள் அட்டை போட்ட ஒரு புத்தகம்.

"இன்னா டீச்சரே, எப்ப வந்த?"

"காலைல, பெரியநைனா. உக்காருங்க."

"உக்கார நேரமில்ல." தங்கையைப் பார்த்தார். "எம்மா, வர்ற வெள்ளிக்கெழம சீட்டு. அதுக்கு மின்ன சிப்பிய எடுத்தாந்து குடுத்துடு. மொறையா கரைல வெச்சு முடிச்சுடலாம். போன வருசமே முடிச்சிருக்கணும், உன் மூஞ்சப் பாத்து வுட்டு வெச்சோம்."

அவள் தலையைத் தூக்கவில்லை. "குடுக்க முடியாது."

"இன்னாது?"

"காது நல்லாத்தான கேக்கும் உங்களுக்கு?"

அவர் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். வருத்தமாகச் சிரித்தார். "தாயீ, நானா உனுக்கு எதிரி? மொறைனு ஒண்ணு கீதுல்ல. பொம்பளைக்கு ஏரிப் பாட்டுல பங்கு இருந்துச்சுனு எவனாவது சொல்லட்டும், இப்பவே குடுத்துட்டுப் போறேன். நீ என்ன நம்பாத. படிச்சவங்க சொன்னா நம்புவியா? தோ, உங்கக்கா ஊருக்குக் குடுத்த புக்குலயே போட்டுக்கீது."

அந்தப் புத்தகத்தை எங்கள் ஊர்ப் படிப்பகத்துக்குக் கொடுத்ததும் நான்தான். பெருமை தாங்காமல் கொடுத்தது. பெரியநைனா அதில் பஸ் டிக்கெட் ஒன்றை அடையாளம் வைத்திருந்தார். பக்கத்தைத் திறந்து, விரலை வரிக்கு அடியில் ஓட்டி, பள்ளிக்கூடத்துப் பையன் மாதிரி உரக்கப் படித்தார். பெண்களுக்கு எந்த இடமும் இல்லை. படித்துவிட்டு என்னைப் பார்த்துத் தலையாட்டினார், நானும் அவர் கட்சி என்பது போல.

விதவைகளின் மனுக்களைத் தூசி தட்டி எடுத்தவரின் புத்தகம் அது. அதைக் கையில் வைத்துக்கொண்டு ஒரு விதவையின் சிப்பியைக் கேட்கிறார்கள்.

தங்கை கத்தியை வைத்துவிட்டு நிமிர்ந்தாள். "அந்தம்மாவுக்கு எப்டித் தெரியும் இது? எவளோ ஒருத்தி சொல்லித்தான எழுதியிருக்கும்? ஆரு சொன்னது?"

"நான்தான்" என்றேன்.

எழுந்து, "பெரியநைனா, அந்த வரி தப்பு. நான் சொன்னது தப்பு. சிப்பியப் பத்தி அவங்ககிட்ட யாருமே சொல்லல" என்றேன்.

"அச்சுல வந்தாச்சு டீச்சரே" என்று புத்தகத்தை மூடினார். "தப்புன்னா அச்சடிக்க வுடுவானா? வெள்ளிக்கெழம காலைல, எம்மா. மறந்துடாத."

அவர் போன பிறகு தங்கை மீனை எடுத்து மறுபடி செதில் எடுத்தாள். ஒவ்வொரு இழுப்புக்கும் செதில் என் புடவைமேல் தெறித்தது. வேண்டுமென்றுதான் தெறிக்கவிட்டாள்.

"எத்தினி வருசம் நம்ப அம்மா வூட்டு அரிசிப் பானைல கைய வுட்டிருக்க நீ?"

"நான் ஊரைவிட்டுப் போற வரைக்கும்."

"ஒலை வைக்கும்போது சிப்பி கைல தட்டுப்படலியா?"

"பட்டுது."

"அப்பறம்?"

"ஒதுக்கிட்டு அரிசிய அள்ளினேன்."

"அங்கயும் அப்படித்தான் ஒதுக்கிட்டியா" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள். இதற்கு அவள் என்னை அடித்திருக்கலாம்.

அன்று சாயங்காலமே பேராசிரியைக்குக் கடிதம் எழுதினேன். மன்னிப்புக் கடிதமாகத் தொடங்கி, பாதியில் சண்டைக் கடிதமாக மாறிவிட்டது. நான் சொன்னேன் என்பதற்காக நீங்கள் எழுதிவிடுவதா, மனுவின் மையைக்கூடச் சந்தேகப்படுகிற நீங்கள் என்னை ஏன் சந்தேகப்படவில்லை என்று கேட்டேன். படம் பிடித்துப் போனில் அனுப்பினேன். மறுநாளே, அதேபோல் கையால் எழுதிப் படம் பிடித்த பதில் வந்தது. வயதாகிவிட்டது அவருக்கு, எழுத்து நடுங்கியிருந்தது. தவறு உங்களுடையது மட்டும் இல்லை. நான் பதினொரு மணிக்கு வந்தேன், பெண்கள் எப்போது வீடு திரும்புவார்கள் என்று கேட்காமல் மூன்று மணிக்குத் தோணி ஏறிவிட்டேன் என்று எழுதியிருந்தார். அடுத்த பதிப்பில் திருத்துவதாகவும் சொல்லியிருந்தார். அடுத்த பதிப்பு எப்போது வருமோ, வெள்ளிக்கிழமை இன்னும் நாலு நாளில் வருகிறது.

வியாழக்கிழமை லீவு போட்டுவிட்டு, நாலு மணிக்குப் பழவேற்காட்டுத் தோணித்துறையில் நின்றேன். மீன் விற்றுவிட்டுத் திரும்புகிற எங்கள் ஊர்ப் பெண்கள் எல்லாரும் அங்கேதான் தோணிக்குக் காத்திருப்பார்கள். காலிக் கூடைகள், மீன்வாசம், ஒரு பொட்டலம் பக்கோடாவை இருபது கை பிய்க்கிறது. பூநாரை பார்க்க வந்த பட்டணத்துக் கூட்டம் ஒன்று எங்களையும் சேர்த்துப் படம் எடுத்துக்கொண்டது. நான் என் பிரதியைத் திறந்து, யாரும் கேட்காமலே, அந்த வரியைச் சத்தமாகப் படித்தேன்.

முதலில் சிரித்தார்கள்.

"எந்த ஊரப் பத்திடி போட்டுக்கீது?" என்றாள் ஒருத்தி. அஞ்சாவது வரைக்கும் என் பக்கத்தில் உட்கார்ந்து படித்தவள், இப்போது தங்கைக்கு எதிர்வீட்டுக்காரி.

"நம்ப ஊரத்தான்."

"அந்தம்மா எத்தினி மணிக்கு வந்துச்சு?"

"பதினோரு மணி."

"பதினோரு மணிக்கு எந்தப் பொம்பள ஊர்ல இருப்பா? புள்ள பெத்தவளும் காய்ச்சல்ல படுத்தவளும்தான். அவளுங்களையாவது கேட்டுச்சா?"

"கேக்கல. என்னத்தான் கேட்டுச்சு. நான் கெடையாதுன்னுட்டேன்."

"அடிப்பாவி. சிப்பி?"

"அது தோணல. அரிசிப் பானைல கெடக்கற சாமான்தானன்னு…"

எதிர்வீட்டுக்காரி பக்கோடாவை வாயில் போட்டு மெதுவாக மென்றாள். "ஏண்டி, நம்ப வூட்ல ஆம்பள எவனாவது அரிசிப் பானைல கைய வுடுவானா?"

"வுட மாட்டான்" என்றார்கள் நாலைந்து பேர். எங்கள் ஊரில் அது ஆகாது. ஆண் கை பட்டால் பானை வற்றிவிடும் என்பார்கள். பசியில் உயிர் போனாலும் தொடமாட்டான்.

"அப்ப அதுல கெடக்கறது ஆரு சாமான்?"

இந்த முறை யாரும் சிரிக்கவில்லை. பெரியநைனாவின் மனைவி, எங்கள் பெரியம்மா, கூடையைக் கவிழ்த்து அதன்மேல் உட்கார்ந்திருந்தவர், புளிச்சென்று எச்சிலைத் துப்பினார். "வாயப் பாரு வாய. ஆம்பளைங்க காதுல வுழுந்தா தோணியக் கவுத்துடப் போறானுங்கோ. ஏறுங்கடி, தோணி வந்துடுச்சு." என் தங்கை அவர் பக்கத்தில்தான் நின்றிருந்தாள். அவளைப் பார்த்து, "நீயும் ஒடைக்கச் சொன்னா ஒடைச்சுட்டுப் போயேண்டி. ஊரோட எதுக்கு ராங்கு?" என்றார்.

தங்கை தோணியில் ஏறிக்கொண்டாள். நான் பின்னால் ஏறினேன். தண்ணீர் வெயிலில் தகரம் மாதிரி மின்னியது. கண்ணை மூடினால் இமைக்குள்ளும் மின்னியது.

வெள்ளிக்கிழமை காலை தங்கை தலைக்குக் குளித்தாள். பானைக்குள் கையை விட்டுச் சிப்பியை எடுத்தாள். கழுவி மஞ்சள் தடவினாள். கொடுக்க ஆள் இல்லாததால் அவளே கையில் மூடிக்கொண்டாள். "புடுங்க வந்தா கடிச்சுடுவேன்" என்று என்னிடம் சொன்னாள். விளையாட்டாகச் சொல்லவில்லை.

இறால் ஏறுகிற பருவம் அது. சீட்டு எடுத்து முடிக்கிறவரை ஊரில் யாரும் அந்த இடங்களில் வலை போடக் கூடாது. ஒரு நாள் தள்ளினால் ஒரு நாள் இறால் போயிற்று. அதனால் எல்லாருக்கும் அவசரம். கோயில் மணி அடித்ததும் ஆண்கள் சிப்பி வாங்க வீடுகளுக்குள் போனார்கள். நாங்கள் இருவரும் மண்டபத்துப் படிக்குக் கீழே நின்றோம், பெண்கள் நிற்கிற இடம் அதுதான்.

போனவர்கள் திரும்பவில்லை.

எதிர்வீட்டிலிருந்து சத்தம் வந்தது. "எங்கடி?"

"தேடிக்கினு கீறேன்."

"எம்மா நேரம் தேடுவ?"

"அவசரமா கீதா? நீ வந்து தேடு."

பக்கத்து வீட்டிலும் அதேதான். அதற்கு அடுத்த வீட்டிலும். தெரு நெடுக, வாசல்படியில் ஓர் ஆணும் உள்ளே பானைக்கு முன்னால் ஒரு பெண்ணும். ஓர் ஆள் பானைவரை போய்க் கையை நீட்டிவிட்டுத் தானே பின்னுக்கு இழுத்துக்கொண்டான், சூடு பட்டவன் மாதிரி. ஒவ்வொருவராகக் கையை வீசிக்கொண்டு வெறுமனே மண்டபத்துக்கு வந்து உட்கார்ந்தார்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. சத்தியமாக நான் இதைச் சொல்லிக்கொடுக்கவில்லை, இவர்கள் எப்போது பேசி வைத்தார்கள் என்றும் தெரியாது. தோணி ஓட்டத்திலேயே பேசியிருக்க வேண்டும். நான் கண்ணை மூடிக்கொண்டிருந்தேன்.

குடத்தில் முதலில் விழ வேண்டியது தலைவர் வீட்டுச் சிப்பி. பெரியநைனா எழுந்து நின்று தன் வீட்டைப் பார்த்துக் குரல் கொடுத்தார். "எம்மே! நம்மூட்டு சிப்பிய எடுத்தா!"

பெரியம்மா அரிசி மாவு ஒட்டிய கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு வாசலுக்கு வந்தார். ஊர் முழுக்கக் கேட்கிற மாதிரி சொன்னார். "அடில போய்க்கிச்சு."

"இன்னாது?"

"நேத்துதான் ரேசன் அரிசி கொட்டினேன். இருவது கிலோ. சிப்பி அடில போய்க்கிச்சு. ஆக்கி ஆக்கிப் பானை கொறைஞ்சா அதுவா மேல வரும்."

"எப்பக் கொறையும்?"

"நீ துன்றதப் பொறுத்து கீது."

மண்டபத்துக்குள் யாரோ சிரித்துவிட்டுச் சிரிப்பை இருமலாக்கினான். பெரியநைனா மனைவியை அவ்வளவு நேரம் பார்த்துக்கொண்டு நின்றதை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. பெரியம்மா கண்ணை எடுக்கவில்லை. முந்தின நாள் தங்கையைத் திட்டிய அதே வாய் இறுக மூடிக்கொண்டிருந்தது.

கடைசியில் அவர் கீழே நின்ற தங்கையிடம் திரும்பினார். "உன் சிப்பி எங்க?"

தங்கை உள்ளங்கையை விரித்தாள். மஞ்சளில் கொக்குக் கால் தெரிந்தது.

"தோ கீது. ஊர்ல கெடச்சது இது ஒண்ணுதான். போட்டு எடுங்க. மொத எடமும் எனக்கே வரும், கடைசி எடமும் எனக்கே வரும்."

இப்போது ஆண்களே சிரித்துவிட்டார்கள். சிரித்ததோடு விடவில்லை, ஆளாளுக்குக் கத்தவும் செய்தார்கள். மொறை என்றான் ஒருவன். வெயிலேறுது, எறால் போய்க்கினு கீது என்றான் இன்னொருவன். தங்கைக்காக வலை போடுகிற கூட்டாளி எழுந்து, "போடட்டுமே நைனா, வலைய நான்தான போடப் போறேன்" என்றார். பெரியநைனா நான் நிற்கிற பக்கம் பார்த்தார்.

"இன்னா டீச்சரே, இதையும் புக்குல போடச் சொல்லுவியா?"

"போடச் சொல்லுவேன்" என்றேன். "மின்ன இருந்த வரிய அடிக்கவும் சொல்லிட்டேன்."

அவர் தோளில் இருந்த துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். வெகுநேரம் துடைத்தார். பிறகு சிப்பியை வாங்கக் கையை நீட்டினார். "சரி, குடு."

"நானே போடறேன்" என்றாள் தங்கை.

மண்டபத்துக்கு மூன்று படி. பன்னிரண்டு வயதில் ஏறாதே என்று சொல்லப்பட்ட பிறகு எங்கள் இருவர் காலும் அந்தக் கல்லில் பட்டதில்லை. அவள் ஈரப் பாதத்தோடு ஏறினாள், ஒவ்வொரு படியிலும் தடம் விழுந்தது. குடத்துக்கு நேரே கையைக் கொண்டுபோய் விரலைப் பிரித்தாள். வெறும் குடத்தில் ஒற்றைச் சிப்பி விழுகிற சத்தத்தை அந்த ஊர் கேட்டதே இல்லை.

அதன் பிறகு எல்லார் வீட்டிலும் சிப்பி கிடைத்துவிட்டது. இருபது கிலோ அரிசிக்கு அடியில் போனதுகூடக் கிடைத்தது. பெரியம்மா கொண்டுவந்து புருஷன் கையில் வைத்துவிட்டு, ஒன்றும் நடக்காத மாதிரி எங்களோடு வந்து படிக்குக் கீழே நின்றுகொண்டார்.

சீட்டு எடுத்தது பெரியநைனாவின் பேத்திதான், ஏழு வயது. நல்ல இடங்கள் ஒவ்வொன்றாகப் போயின. கொக்குக் கால் வரவில்லை. கடைசிக்கு முந்தியதாக வந்தது. மேற்குச் சேற்றுப் பக்கம். சிப்பியைக் கையில் வாங்கியதும் வீட்டுக்காரர் பெயரைச் சொல்லித் தலைவர் கூப்பிட வேண்டும், இன்னார் வீட்டுக்கு இன்ன இடம் என்று. பெரியநைனா சிப்பியைப் பார்த்தார், வாயைத் திறந்தார், இறந்துபோன என் தங்கை புருஷன் பெயரைச் சொல்லி, "…வூடு, மேக்கால சேத்துப் பக்கம்" என்றார்.

கீழேயிருந்து தங்கை சொன்னாள். "அவுரு இல்ல, பெரியநைனா. செத்தவரு எப்டி வலை போடுவாரு? மறுபடி கூப்புடுங்க."

இத்தனை வருஷமாக நான் பொன்னேரிக்கும் பழவேற்காட்டுக்கும் நடுவில் பஸ்ஸில் படித்துக்கொண்டிருந்தது இந்த ஒரு நிமிஷத்தைத்தான் என்று தோன்றியது. பெயர் இருக்க வேண்டிய இடத்தில் ஓர் ஆள் உட்கார்ந்திருக்கிறான். பாவம், நல்ல ஆள், என்னை அண்ணி அண்ணி என்று கூப்பிட்டவர். ஆனாலும் கொஞ்சம் நகர வேண்டும்.

பெரியநைனா என் தங்கையின் பெயரைச் சொன்னார். தொண்டைக்குள்ளேயே சொன்னார்.

"கேக்கல" என்றார் என் பக்கத்தில் நின்ற பெரியம்மா.

இரண்டாம் முறை ஏரிவரைக்கும் கேட்டது.

வீட்டுக்குத் திரும்பும்போது எதிர்வீட்டுக்காரி தங்கையின் முதுகில் ஒன்று வைத்தாள். "சேத்துப் பக்கத்துக்காடி இம்மாம் பேஜாரு? நண்டு கடிச்சே சாவப் போற."

"அடுத்த வருசமும் சிப்பி கீதுல்ல" என்றாள் தங்கை. "நண்டுதான், ஆனா நானும் தோணில ஏறுவேன். பாதிக்குக் கரைல காத்துக்கினு இருக்க மாட்டேன்."

உள்ளே போய் மஞ்சளைக் கழுவிச் சிப்பியைத் துடைத்தாள். பானை மூடியைத் திறந்து அரிசிக்குள் முழங்கைவரை கையை விட்டு, ஆழத்தில் வைத்துவிட்டு வந்தாள். திரும்பக் கை வெளியே வரும்போது ஒரு படி அரிசியும் கூடவே வந்தது. உலை வைத்தாள். நான் படிப்பகத்துக்குப் போய் அந்தப் புத்தகத்தைக் கேட்டு வாங்கினேன். பஸ் டிக்கெட் இருந்த பக்கத்தைத் திறந்து, பேனாவால் அந்த வரியை அடித்தேன். மேலே எழுத இடம் போதவில்லை, ஓரத்தில் எழுதிக்கொண்டே போய் அடுத்த பக்கத்துக்கும் திருப்பினேன்.